ஹோமியோபதி டாக்டர் பதிவு: வழக்குகள் எங்கே பிறக்கின்றன?

என் பெரியப்பா மகன் தொண்ணூறுகளில் தபால் வழியில் ஹோமியோபதி படித்தார். இரண்டு வருடம் மாதாமாதம் பாடப் புத்தகம் வரும், கடைசியில் ஒரு பரீட்சை. பிறகு தங்க நிற ஓரம் போட்ட சான்றிதழ் வந்தது. அதில் மகன் பெயருக்கு முன்னால் 'டாக்டர்' என்று அச்சாகியிருந்ததைப் பெரியம்மா தெருவெல்லாம் காட்டினார். அண்ணன் பஸ் ஸ்டாண்டு பக்கம் ஒரு அறை பிடித்தார், மருந்துப் பெட்டி வாங்கினார். போர்டு எழுதும் முன் கவுன்சிலில் பெயரைப் பதிவு செய்துவிடலாம் என்று விண்ணப்பித்தார். விண்ணப்பம் திரும்பி வந்துவிட்டது.

வழக்குப் போடலாம் என்று பெரியப்பா அவரை ஒரு வக்கீலிடம் அழைத்துப் போனார். வக்கீல் சான்றிதழைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். கேட்டது ஒரே கேள்விதான்: "தம்பி, இந்தப் பட்டம் அட்டவணையில் இருக்கா?" எந்த அட்டவணை என்றே அண்ணனுக்குத் தெரியவில்லை. வக்கீல் அன்று பீஸ் வாங்கவில்லை.

ஹோமியோபதி மருத்துவர்களின் பதிவு தொடர்பாக இந்திய நீதிமன்றங்களுக்கு வரும் வழக்குகளில் பெரும்பங்கு அந்தக் கேள்வியிலேயே தொடங்கி அதிலேயே முடிகிறது. சட்டம் படிக்காதவர்களுக்கும் புரியும்படி அதை இங்கே விளக்கிப் பார்க்கிறேன்.

பதிவு என்றால் என்ன?

படிப்பது ஒன்று, பட்டம் வாங்குவது ஒன்று, தொழில் செய்யும் உரிமை வேறொன்று. பி.எல். முடித்தவர் எல்லோரும் கோர்ட்டில் நின்று வாதாட முடியாது. பார் கவுன்சிலில் பெயர் ஏறியிருக்க வேண்டும். மருத்துவமும் அப்படித்தான். கவுன்சில் என்ற சட்டபூர்வ அமைப்பு ஒரு பதிவேடு வைத்திருக்கும். அதில் பெயர் ஏறி, ஒரு எண் கிடைத்த பிறகுதான் நோயாளியைத் தொட்டுப் பார்க்கவும் மருந்து எழுதவும் உரிமை வருகிறது. மருந்துச் சீட்டின் மேல் மூலையில் பொடி எழுத்தில் இருக்கிறதே, அந்த எண்தான்.

'எந்தத் தொழிலும் செய்யலாம் என்பது அடிப்படை உரிமை ஆயிற்றே, கவுன்சில் யார் தடுக்க?' என்று கேட்கலாம். நீதிமன்றத்திலும் இதைத்தான் முதலில் வாதாடுகிறார்கள். அரசியலமைப்பின் 19(1)(ஜி) பிரிவு அந்த உரிமையைத் தருவது உண்மை. ஆனால் அதே 19ஆம் பிரிவின் 6ஆவது உட்பிரிவு, ஒரு தொழிலுக்கு என்ன தகுதி வேண்டும் என்று அரசு சட்டம் போட்டு நிர்ணயிக்கலாம் என்கிறது. கையில் கத்தி எடுப்பவருக்கும் மருந்து கொடுப்பவருக்கும் தகுதி கேட்பது நியாயமான கட்டுப்பாடு என்பதில் நீதிமன்றங்கள் தடுமாறியதே இல்லை. ஆகவே அடிப்படை உரிமை வாதம் மட்டும் வைத்துக்கொண்டு போகிறவர் பெரும்பாலும் வெறுங்கையோடு திரும்புகிறார்.

மருத்துவத் தொழில் அரசியலமைப்பின் பொதுப் பட்டியலில் 26ஆவது இனமாக வருகிறது. அதாவது மத்திய அரசும் சட்டம் போடலாம், மாநிலமும் போடலாம். ஹோமியோபதிக்கு இரண்டும் நடந்தது. தமிழ்நாட்டில் 1971இல் ஒரு சட்டம் வந்தது. 1973இல் நாடாளுமன்றம் ஹோமியோபதி மத்தியக் கவுன்சில் சட்டத்தை நிறைவேற்றியது. மாநிலம் தன் பதிவேட்டை வைத்திருக்கும், அதை ஒட்டி மத்தியப் பதிவேடு ஒன்று இருக்கும் என்று ஏற்பாடு. எந்தெந்தப் பல்கலைக்கழகம், எந்தெந்த வாரியம் கொடுக்கும் எந்தெந்தப் பட்டங்கள் செல்லும் என்பது மத்தியச் சட்டத்தின் இரண்டாவது அட்டவணையில் வரிசையாக இருந்தது. வெளிநாட்டுப் பட்டங்களுக்கு மூன்றாவது அட்டவணை. வக்கீல் கேட்டது அந்த இரண்டாவது அட்டவணையைத்தான்.

பட்டத்தின் பெயர் மட்டும் பொருந்தினால் போதாது. கொடுத்த நிறுவனம் பொருந்த வேண்டும், கொடுத்த வருடமும் பொருந்த வேண்டும். சில பட்டங்கள் குறிப்பிட்ட ஆண்டு முதல், குறிப்பிட்ட ஆண்டு வரை வாங்கியிருந்தால் மட்டுமே செல்லும். ஒரே கல்லூரியில் ஒருவர் வாங்கிய பட்டம் செல்லுபடியாகி, ஐந்து வருடம் கழித்து இன்னொருவர் வாங்கியது செல்லாமல் போவது இதனால்தான்.

பழைய மருத்துவர்களின் கதை

பதிவு வழக்குகள் இவ்வளவு வந்ததற்கு ஹோமியோபதி இந்தியாவில் பரவிய விதமே ஒரு காரணம். ஜெர்மனியில் ஹானிமன் தொடங்கிய இந்த முறை, 19ஆம் நூற்றாண்டில் கல்கத்தாவில் வேர் விட்டது. எம்.டி. பட்டம் பெற்ற மகேந்திரலால் சர்க்கார் 1867இல் ஹோமியோபதியை ஆதரித்துப் பேசியபோது, சக டாக்டர்கள் அவரைத் தங்கள் சங்கத்திலிருந்து ஒதுக்கினார்கள். ஆனால் சர்க்காரைப் போலப் பட்டம் பெற்றவர்களைவிட, பட்டமே இல்லாதவர்களால்தான் இந்த முறை ஊர் ஊராகப் போனது. பள்ளி ஆசிரியர், ரயில்வே குமாஸ்தா, பென்ஷன் வாங்கியவர் என்று பலர் ஒரு புத்தகத்தையும் ஒரு மருந்துப் பெட்டியையும் வைத்துக்கொண்டு சாயங்கால வேளையில் திண்ணையில் வைத்தியம் பார்த்தார்கள். பலர் காசே வாங்கவில்லை.

வங்காளத்தில் 1943இல் இவர்களுக்கென்று ஒரு கவுன்சில் அமைந்தது. மற்ற மாநிலங்கள் பின்னால் வந்தன. சட்டம் வரும்போது ஏற்கெனவே தொழில் செய்துகொண்டிருப்பவர்களை என்ன செய்வது? ஒரே நாளில் குற்றவாளி ஆக்க முடியாது. அதனால் பல மாநிலச் சட்டங்கள், பட்டம் இல்லாமல் அனுபவத்தால் தொழில் செய்தவர்களையும் ஒரு முறை பதிவேட்டில் சேர்த்துக்கொண்டன. 1973ஆம் வருடச் சட்டத்தின் 15ஆம் பிரிவும் ஒரு கதவைத் திறந்து வைத்தது: மாநிலப் பதிவேடே இல்லாத ஒரு மாநிலத்தில், சட்டம் அமலுக்கு வந்த நாளில் ஐந்து வருடத்துக்குக் குறையாமல் ஹோமியோபதி பார்த்துக்கொண்டிருந்தவர் தொடர்ந்து பார்க்கலாம்.

இந்தக் கதவு அப்போது இருந்தவர்களுக்கு. பின்னால் வந்தவர்களுக்கு அல்ல. ஆனால் மனிதர்கள் அப்படி எடுத்துக்கொள்ளவில்லை. 'எனக்கும் அனுபவம் இருக்கிறது, என் அப்பா பதிவு பெற்றவர், நான் அவரிடம் கற்றேன், என்னை மட்டும் ஏன் சேர்க்கவில்லை?' என்று கேட்டு வந்தார்கள். கேட்பவரின் இடத்தில் நின்று பார்த்தால் அந்த வேதனை எனக்குப் புரிகிறது. நீதிமன்றம் ஆனால் இரக்கத்தை வைத்து அட்டவணையைத் திறக்காது.

ஆயுர்வேதத்தில் இதே சிக்கல் உச்ச நீதிமன்றம் வரை போனது, அந்தத் தீர்ப்புகள் ஹோமியோபதிக்கும் வழிகாட்டுகின்றன. அலகாபாத்தில் இருந்த ஹிந்தி சாகித்ய சம்மேளனம் என்ற அமைப்பு வழங்கிய வைத்தியப் பட்டங்களுக்கு 1967 வரைதான் அங்கீகாரம். அதற்குப் பிறகு பட்டம் வாங்கியவர்கள் தொழில் செய்யும் உரிமை கேட்டபோது, 2010இல் உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது. 2018இல் கேரளத்துப் பரம்பரை வைத்தியர்கள் வந்தார்கள். திருவிதாங்கூர்-கொச்சி மருத்துவர்கள் சட்டம் 1953 பதிவில்லாத வைத்தியத்தைத் தடுக்கிறது. தலைமுறை தலைமுறையாகச் செய்து வந்த தொழில் என்பது அந்தச் சட்டத்திலிருந்து விலக்கு ஆகாது என்று அவர்களுக்கும் பதில் கிடைத்தது. நல்ல வைத்தியரா, கைராசிக்காரரா என்ற கேள்விக்கே நீதிமன்றம் போகவில்லை. பதிவேட்டில் பெயர் ஏறத் தகுதி உண்டா என்பது ஒன்றுதான் அங்கே நின்றது.

பெயரில் ஒரு குழப்பம்

புதிதாகப் படிக்கப் போகிறவர்கள் இந்த இடத்தில் கவனமாக இருக்க வேண்டும். 'எலெக்ட்ரோ ஹோமியோபதி' என்று ஒன்று உண்டு. பெயரைக் கேட்டால் ஹோமியோபதியின் ஒரு பிரிவு என்று தோன்றும். இல்லை. இத்தாலியின் போலோனா நகரைச் சேர்ந்த செசாரே மத்தேய் என்ற பிரபு 19ஆம் நூற்றாண்டில் உருவாக்கிய தனி முறை அது. ஹோமியோபதிச் சட்டம் அதைத் தொடுவதே இல்லை. அதில் டிப்ளமோ வாங்கியவர் ஹோமியோபதி கவுன்சிலில் பதிவு கேட்டால் கிடைக்காது.

2003 நவம்பர் 25 அன்று மத்திய சுகாதார அமைச்சகம் ஓர் உத்தரவு போட்டது. அங்கீகாரத்துக்குப் பரிந்துரைக்கப்படாத முறைகளில் எந்த நிறுவனமும் பட்டமோ டிப்ளமோவோ கொடுக்காமல் மாநிலங்கள் பார்த்துக்கொள்ள வேண்டும், அங்கீகாரம் பெற்ற முறைக்காரர்கள் மட்டுமே 'டாக்டர்' என்று போட்டுக்கொள்ளலாம் என்பது அதன் சாரம். 2010 மே மாதம் ஒரு விளக்கம் வந்தது. 2003 உத்தரவுக்கு உட்பட்டு நடந்தால், எலெக்ட்ரோ ஹோமியோபதியில் தொழில் செய்வதையும் அதைக் கற்றுத்தருவதையும் நிறுத்தும் எண்ணம் இல்லை என்று அதில் இருந்தது. அவ்வளவுதான், அந்தக் கடிதத்தை டிப்ளமோ விற்றவர்கள் கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டிவிட்டார்கள். 'மத்திய அரசு அனுமதி பெற்றது' என்று விளம்பரம் வந்தது. தடுக்கவில்லை என்பதற்கும் அங்கீகரித்தது என்பதற்கும் மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். அந்த வித்தியாசத்துக்குள் எத்தனையோ பிள்ளைகளின் பணமும் வருடங்களும் போயிருக்கின்றன. ராஜஸ்தான் 2018இல் இந்த முறைக்கென்று தனிச் சட்டமே இயற்றியது. அது அந்த மாநிலத்துக்குத்தான். அதைக் காட்டி வேறு மாநிலத்தின் ஹோமியோபதிப் பதிவேட்டில் ஏற முடியாது.

பதிவு உண்டு, எல்லை எது?

இதுவரை பார்த்தது பதிவு கிடைக்காதவர்களின் வழக்கு. பதிவு கிடைத்தவர் அதற்கு வெளியே போனால் என்ன ஆகும் என்பது அடுத்த கேள்வி, இதைவிடக் கனமானதும் கூட. இதில் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது 1996 மே மாதம் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பு.

மும்பையில் 1992 ஜூலையில் ஒருவருக்குக் காய்ச்சல் வந்தது. ஹோமியோபதி டிப்ளமோ பெற்று, மாநிலப் பதிவேட்டிலும் பெயர் இருந்த ஒரு மருத்துவரிடம் போனார். மருத்துவர் அவருக்கு அலோபதி மருந்து கொடுத்தார். முதலில் வைரல் காய்ச்சல் என்றார், சில நாளில் டைபாய்டு என்று மருந்தை மாற்றினார். நிலைமை மோசமாகி, நர்சிங் ஹோம் போய், அங்கிருந்து பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோன சில மணி நேரத்தில் அவர் இறந்துவிட்டார். காய்ச்சல் தொடங்கிப் பத்தே நாள். அவருடைய மனைவி தேசிய நுகர்வோர் ஆணையத்துக்குப் போனார். அங்கே மனு தள்ளுபடி. விடாமல் உச்ச நீதிமன்றம் போனார்.

மருத்துவரின் வாதம் இதுதான்: நான் பதிவு பெற்றவன், என் படிப்பில் உடற்கூறும் உடலியங்கியலும் இருந்தன, அலோபதியும் கொஞ்சம் பார்த்திருக்கிறேன். நீதிமன்றம் ஏற்கவில்லை. உடம்பைப் பற்றிய பாடம் எல்லா மருத்துவ முறைக்கும் பொது. அதைப் படித்ததால் இன்னொரு முறையின் மருந்தை எழுதும் தகுதி வந்துவிடாது. ஹோமியோபதிப் பதிவேட்டில் பெயர் இருப்பவர் ஹோமியோபதியோடு நிற்கச் சட்டப்படி கடமைப்பட்டவர். தனக்குத் தெரியாத ஒரு முறையில் வைத்தியம் பார்ப்பவர், தன் முறையில் எவ்வளவு படித்திருந்தாலும், அந்த முறையைப் பொறுத்தவரை போலி மருத்துவர்தான் என்று தீர்ப்பு சொன்னது. 3 லட்சம் ரூபாய் இழப்பீடும் 30,000 ரூபாய் வழக்குச் செலவும் கொடுக்க உத்தரவானது.

இதில் ஒரு நுட்பம் இருக்கிறது. சாதாரணமாக ஒரு டாக்டர் மீது கவனக்குறைவு வழக்குப் போட்டால், அவர் என்ன தவறு செய்தார், வேறொரு நல்ல டாக்டர் எப்படிச் செய்திருப்பார் என்றெல்லாம் நிரூபிக்க வேண்டும். சாதாரணக் குடும்பத்துக்கு அது லேசான காரியம் இல்லை. ஆனால் இந்தத் தீர்ப்பின்படி, எல்லையைத் தாண்டியதே கவனக்குறைவு. ஏன் டைபாய்டு மருந்தைத் தேர்ந்தெடுத்தார், அளவு சரியா என்ற ஆராய்ச்சியே வேண்டாம். பதிவு என்பது வெறும் அலுவலகக் காகிதம் இல்லை என்பதை இதைவிடத் தெளிவாக யாரும் சொன்னதில்லை என்று நினைக்கிறேன். 'பதிவு பெற்ற டாக்டர்' என்று பொதுவாக ஒன்று கிடையாது. எதற்குப் பதிவு பெற்றவர் என்று சேர்த்துக் கேட்க வேண்டும்.

அப்புறம், மருந்துகளுக்கான விதிகளில் ஒரு சிறிய வாசகம் இருக்கிறது. 1945ஆம் வருட மருந்துகள் விதிகளில் 2(இஇ) என்ற விதி, 'பதிவு பெற்ற மருத்துவர்' என்றால் யார் என்று வரையறுக்கிறது. அலோபதிப் பதிவேட்டில் இல்லாத ஒருவரையும் அந்த விதியின் நோக்கத்துக்காக மாநில அரசு உத்தரவு போட்டு மருத்துவராக அறிவிக்கலாம் என்று அதில் ஓர் இடம் உண்டு. சில மாநிலங்கள் ஆயுர்வேத, சித்த மருத்துவர்களுக்காக இந்த வழியில் போயின. 1998இல் உச்ச நீதிமன்றம் இதைப் பரிசீலித்து, அலோபதி மருந்து எழுதும் உரிமை தனியாக நிற்காது, அந்த முறையில் தொழில் செய்யும் உரிமை மாநிலச் சட்டத்தில் இருந்தால்தான் இதுவும் நிற்கும் என்று விளக்கியது. ஆனால் ஹோமியோபதிக்கு அந்த இடத்தில் பாதையே இல்லை. ஹோமியோபதி மருத்துவர்களுக்கான பதிவேடு நீங்கலாக என்று விதியே எழுதி வைத்திருக்கிறது. ஒரே ஒரு வாசகம். பல ஆயிரம் பேருக்குப் பூட்டு.

மகாராஷ்டிராவில் இன்றும் ஓயாத சண்டை

அந்தப் பூட்டைச் சட்டத்தைத் திருத்தியே திறக்கப் பார்த்தது மகாராஷ்டிரா. 2014இல் அங்கே ஹோமியோபதி மருத்துவர்கள் சட்டத்தையும் மாநில மருத்துவக் கவுன்சில் சட்டத்தையும் திருத்தினார்கள். பதிவு பெற்ற ஹோமியோபதி மருத்துவர் நவீன மருந்தியலில் ஒரு வருடச் சான்றிதழ் படிப்பு முடித்தால் அலோபதி மருந்தும் எழுதலாம் என்பது திருத்தம். நாசிக்கில் உள்ள மாநிலச் சுகாதார அறிவியல் பல்கலைக்கழகம் அந்தப் படிப்பை நடத்தியது. இந்திய மருத்துவச் சங்கம் பம்பாய் உயர் நீதிமன்றத்துக்குப் போனது.

படிப்பை முடித்தவர்கள் வருடக்கணக்கில் காத்திருந்தார்கள். 2025 ஜூன் இறுதியில் மகாராஷ்டிர மருத்துவக் கவுன்சில் அவர்களைப் பதிவு செய்யப் போவதாக அறிவித்தது. அலோபதி டாக்டர்கள் கொதித்தெழ, ஜூலையில் அரசு அதை நிறுத்திவைத்து ஒரு குழு போட்டது. செப்டம்பரில் பதிவைத் தொடங்கும்படி மறுபடி உத்தரவு. செப்டம்பர் 18 அன்று மாநிலம் முழுக்க டாக்டர்கள் வேலைநிறுத்தம்.

இரு பக்கமும் சொல்வதைக் கேட்க வேண்டும். கிராமத்தில் எம்.பி.பி.எஸ். டாக்டர் வருவதில்லை, ஹோமியோபதி டாக்டர்தான் இருக்கிறார், அவருக்கு அவசர மருந்தாவது எழுதும் பயிற்சி கொடுத்தால் உயிர் பிழைக்குமே என்கிறது ஒரு தரப்பு. ஐந்தரை வருடம் படித்து எடுக்கும் திறமையை ஒரு வருடத்தில் எப்படிக் கொடுப்பீர்கள், நோயாளிக்கு யார் என்ன படித்தவர் என்று எப்படித் தெரியும் என்கிறது மறு தரப்பு. என் மனம் இரண்டாவது பக்கமே சாய்கிறது. 1992இல் மும்பையில் நடந்தது மறக்கக்கூடியது இல்லை. ஆனாலும் அந்த ஒரு வருடப் படிப்பை நடத்தியது அரசுப் பல்கலைக்கழகம், அனுமதி தந்தது மாநிலச் சட்டம். அதை நம்பிப் பணம் கட்டிப் படித்தவர்களைப் போலி என்று ஏசுவது நியாயம் இல்லை. அவர்களை அந்த இடத்தில் கொண்டு நிறுத்தியவர்கள் வேறு.

நேர் எதிர்த் திசையில் ஒரு வழக்கு

அமெரிக்காவின் வட கரோலினாவில் நடந்த வழக்கைப் பார்த்தால் இதன் மறுபக்கம் தெரியும். அங்கே முறைப்படி எம்.டி. படித்து உரிமம் பெற்ற ஒரு டாக்டர் ஹோமியோபதி மருந்தும் கொடுத்துவந்தார். யாருக்கும் கெடுதல் நடந்ததாகப் புகார் இல்லை. ஆனாலும் மாநில மருத்துவ வாரியம், நடைமுறையில் ஏற்கப்பட்ட மருத்துவத்திலிருந்து விலகிவிட்டார் என்று சொல்லி 1985இல் அவருடைய உரிமத்தை ரத்து செய்தது. 1990இல் மாநில உச்ச நீதிமன்றம் வாரியத்தின் பக்கம் நின்றது. நோயாளிக்குத் தீங்கு நடந்ததா என்று காட்ட வேண்டியதில்லை, சட்டத்தின் வாசகம் அப்படி இருக்கிறது என்றது. பிறகு 1993இல் மாநிலச் சட்டமன்றம் அந்த வாசகத்தையே மாற்றியது: ஏற்கப்பட்ட சிகிச்சையைவிட அதிக ஆபத்தானது என்றோ பலனற்றது என்றோ காட்டாமல், மாற்று முறையைக் கையாண்டார் என்பதற்காக மட்டும் உரிமத்தைப் பறிக்கக் கூடாது.

பிரிட்டனில் இந்தத் தகராறுக்கே இடம் குறைவு. ஹோமியோபதி மருத்துவருக்கென்று அங்கே சட்டபூர்வப் பதிவு கிடையாது, சங்கங்கள் தாங்களாக வைத்திருக்கும் பட்டியல்தான்.

இங்கே ஒன்றைத் தனியாகச் சொல்ல வேண்டும். பதிவு வழக்குகளைப் படிப்பவர்கள் 'அப்படியானால் நீதிமன்றம் ஹோமியோபதியை ஏற்றுக்கொண்டது' என்றோ 'நிராகரித்தது' என்றோ முடிவு கட்டிவிடுகிறார்கள். மருந்து வேலை செய்யுமா என்பது ஆய்வுக்கூடத்தின் கேள்வி. ஆஸ்திரேலியாவின் தேசிய மருத்துவ ஆராய்ச்சிக் கவுன்சில் 2015இல் கிடைத்த ஆய்வுகளை எல்லாம் சேர்த்துப் பார்த்து, ஹோமியோபதி பலன் தருகிறது என்பதற்கு நம்பகமான ஆதாரம் உள்ள நோய் எதுவும் இல்லை என்று சொன்னது. இந்தியச் சட்டம் ஹோமியோபதியை ஒரு மருத்துவ முறையாக ஏற்றிருக்கிறது. இரண்டும் ஒரே நேரத்தில் உண்மை. பதிவு எண், இவர் அங்கீகரிக்கப்பட்ட படிப்பு படித்தவர், தவறு செய்தால் பதில் சொல்ல ஓர் இடம் உண்டு என்று மட்டும்தான் சொல்கிறது.

அந்தப் பதில் சொல்லும் கடமைக்கு உதாரணம் கொரோனா காலத்து வழக்கு. ஹோமியோபதி மருத்துவர்கள் கொரோனாவைக் குணப்படுத்துவதாகச் சொல்லலாமா என்பது கேரள உயர் நீதிமன்றத்திலிருந்து உச்ச நீதிமன்றம் போனது. 2020 டிசம்பரில் தீர்ப்பு வந்தது. ஆயுஷ் அமைச்சகத்தின் வழிகாட்டுதலுக்கு உட்பட்டுத் தடுப்புக்காகவும், ஏற்கெனவே நடக்கும் சிகிச்சையோடு துணையாகவும் மருந்து கொடுக்கலாம். குணமாக்கும் என்று விளம்பரம் செய்யக் கூடாது. இதற்கு நீதிமன்றம் எடுத்துக்காட்டியது 1982இல் வந்த ஹோமியோபதி மருத்துவர்களின் தொழில் ஒழுக்க விதிகளை. பதிவு பெற்றவரைத்தான் இப்படிப்பட்ட ஒழுக்க விதி கட்டும். மீறினால் கவுன்சில் விசாரிக்கலாம், பெயரை நீக்கவும் செய்யலாம்.

கவுன்சில் மறுத்தால்?

மறுத்த காரணத்தை எழுத்தில் கேட்டு வாங்க வேண்டும். இதுதான் முதல் வேலை. வாய்மொழியாக 'ஆகாது, போங்க' என்று சொன்னதை வைத்து எந்தக் கோர்ட்டிலும் நிற்க முடியாது. பிறகு சட்டத்தில் மேல்முறையீட்டுக்கு வழி இருந்தால் அதைச் செய்ய வேண்டும். அதற்கும் பிறகுதான் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்படி உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு.

ரிட் மனுவில் நீதிபதி, மனுதாரர் நல்ல டாக்டரா என்று பார்ப்பதில்லை. கவுன்சில் சட்டப்படி நடந்ததா என்று பார்ப்பார். நோட்டீஸ் கொடுத்தார்களா, பதில் சொல்ல வாய்ப்புக் கொடுத்தார்களா, காரணம் எழுதினார்களா, பட்டம் அட்டவணையில் இருந்தும் மறுத்தார்களா? பதிவில் இருக்கும் ஒருவரின் பெயரை விசாரிக்காமல் நீக்கியிருந்தால் அந்த உத்தரவு நிற்காது. பட்டம் சரியாக இருந்து, கோப்பை மட்டும் முடக்கி வைத்திருந்தால், இத்தனை வாரத்துக்குள் முடிவெடு என்று உத்தரவிடுவார். ஜெயித்தாலும் பல நேரம் கிடைப்பது பதிவு எண் அல்ல, 'மறுபரிசீலனை செய்' என்ற உத்தரவுதான். இதை முன்பே தெரிந்துகொண்டு போனால் ஏமாற்றம் குறையும்.

சட்டமும் இப்போது மாறியிருக்கிறது. மத்தியக் கவுன்சிலை 2018இல் ஓரங்கட்டி, நிர்வாகத்தை அரசு நியமித்த ஒரு குழுவிடம் கொடுத்தார்கள். 2020இல் தேசிய ஹோமியோபதி ஆணையச் சட்டம் நிறைவேறி, 2021 ஜூலை 5 முதல் அமலுக்கு வந்தது. கல்விக்கு ஒரு வாரியம், கல்லூரிகளை மதிப்பிட ஒரு வாரியம், ஒழுக்கத்துக்கும் பதிவுக்கும் ஒரு வாரியம் என்று பிரித்திருக்கிறார்கள். மாநிலப் பதிவேடும் தேசியப் பதிவேடும் தொடர்கின்றன. புதிதாகப் படித்து வருகிறவர்களுக்கு, பட்டத்தோடு தேசிய அளவிலான தகுதித் தேர்வு ஒன்றும் இச்சட்டத்தில் இருக்கிறது. சட்டம் மாறும்போதெல்லாம் நடுவில் மாட்டிக்கொண்ட ஒரு கூட்டம் 'எங்களுக்குப் பழைய விதியா, புதிய விதியா?' என்று கேட்டு வரும். 1973இல் அனுபவ மருத்துவர்கள் கேட்டதும் இதே கேள்விதான்.

இப்போது ஹோமியோபதி படிக்க நினைக்கும் பிள்ளைகளுக்கும் பெற்றோருக்கும்: பி.எச்.எம்.எஸ். என்பது பயிற்சிக் காலம் சேர்த்து ஐந்தரை வருடம். தபாலில் வராது, ஞாயிற்றுக்கிழமை வகுப்பில் வராது. மதுரை மாவட்டம் திருமங்கலத்தில் அரசுக் கல்லூரியே இருக்கிறது. தனியார் கல்லூரி என்றால், பணம் கட்டும் முன் தேசிய ஆணையத்தின் அனுமதி அந்தக் கல்லூரிக்கு, அந்த வருடச் சேர்க்கைக்கு இருக்கிறதா என்று பார்த்துவிடுங்கள். போன வருடம் இருந்தது என்ற பதில் போதாது. நோயாளியாகப் போகிறவர்கள் டாக்டரிடம் பதிவு எண்ணையும், எந்தக் கவுன்சில் என்பதையும் கேட்கலாம். நேர்மையாகப் படித்து வந்தவர் கோபப்பட மாட்டார். ஹோமியோபதி எண் போட்ட சீட்டில் ஆன்டிபயாட்டிக் மாத்திரையின் பெயர் இருந்தால், மருந்துக்கடைக்குப் போகும் முன் ஒரு கேள்வி கேளுங்கள்.

அண்ணன் அந்தச் சீனி உருண்டைப் பெட்டியை விற்றுவிட்டு மாமாவின் உரக்கடையில் சேர்ந்தார். பெரியம்மா இருந்தவரை சான்றிதழ் சுவரிலேயே இருந்தது. யாரும் கழற்றச் சொல்லவில்லை.